கம்பெனி டாக்டர் நடக்கச் சொன்னார்

முதலிபாளையத்தில் ஒரு பனியன் கம்பெனியில் பதினேழு வருஷமாக ஓவர்லாக் மெஷினில் உட்கார்ந்து தைக்கிறேன். இரண்டு வருஷத்துக்கு முன்னால் முழங்கால் இரண்டும் வீங்கத் தொடங்கின. காலையில் சுவரைப் பிடிக்காமல் எழ முடியவில்லை. புதன்கிழமைதோறும் கம்பெனிக்கு வரும் டாக்டரம்மாவிடம் போனேன். நாலு மாத்திரையும் ஒரு வாரம் லீவும் கிடைக்கும் என்று நினைத்தேன்.

அவர் ரத்தம் எடுக்கச் சொன்னார். ரிப்போர்ட் வந்ததும் ஒரு வரியின் கீழே கோடு போட்டார்.

"உங்க உடம்புக்குள்ள அழற்சி கூடியிருக்குங்க. முடக்குவாதம் இல்லீங்க, அதையும் பாத்துட்டேன். எடை கூடிப்போச்சு, நாள் பூரா உட்கார்ந்தே இருக்கீங்க. தினமும் அரை மணி நேரம் நடங்க."

"லீவு லெட்டருங்க?"

"லீவு எதுக்குங்க? படுத்தே கெடந்தா இன்னும் இறுகிக்கும்."

எனக்குச் சட்டென்று உறைத்தது. இவருக்குச் சம்பளம் கொடுப்பது கம்பெனி. ஷிப்மெண்ட் அனுப்பும் நாள் வேறு நெருங்கிக்கொண்டிருந்தது. பாத்ரூமுக்குப் போனால் கடிகாரத்தைப் பார்க்கும் சூப்பர்வைசர் அன்றைக்கு என்னிடம் வந்து, "டாக்டர் என்ன சொன்னாங்கக்கா?" என்று அக்கறையாகக் கேட்டார். பதினேழு வருஷத்தில் இல்லாத அக்கறை.

என் வீட்டுக்காரர் பல்லடத்தில் தறி ஓட்டுகிறார். "வீங்கின காலை வெச்சுட்டு நடக்கோணுமா? இதென்ன வைத்தியம்?" என்றார். ஞாயிற்றுக்கிழமை பல்லடத்திலேயே வேறொரு டாக்டரிடம் போனோம். முதல் ரிப்போர்ட்டைப் பையில் வைத்திருந்தும் காட்டவில்லை. அவர் காலை மடக்கிப் பார்த்தார், பக்கத்து லேபில் தனியாக ரத்தமும் எடுக்கச் சொன்னார். கடைசியில், "மெதுவா ஆரம்பிச்சு தினமும் நடங்கம்மா, தசைக்கு வேலை குடுத்தா அழற்சி தணியும்" என்றார்.

வெளியே வந்ததும், "ஏனுங்க, ரெண்டு பேரும் ஒரே காலேஜுல படிச்சிருப்பாங்களோ?" என்றேன்.

"அப்ப மூணாவது டாக்டரையும் பாத்துரலாமா?" என்று சிரித்தார் அவர்.

எனக்குச் சிரிப்பு வரவில்லை. மூன்று மாதம் நடப்பது, ஒன்றும் குறையவில்லை என்று ரிப்போர்ட்டை டாக்டரம்மாவின் மேஜையில் போட்டு லீவு கேட்பது. அந்த வீம்பில்தான் நடக்க ஆரம்பித்தேன்.

விடியற்காலையில் தொழிற்பேட்டையைச் சுற்றி நடந்தேன். முதல் வாரம் பத்து நிமிஷத்துக்கே வலி உயிரை எடுத்தது. எதிர்வீட்டுக்காரம்மா, "சுகர் வந்துருச்சுங்களா?" என்று கேட்டார். ஆறாவது வாரம் இருக்கும், மெஷினுக்கடியில் உருண்ட நூல்கண்டைக் குனிந்து எடுத்துவிட்டு நிமிர்ந்தேன். எதையும் பிடிக்கவில்லை என்பது பிறகுதான் தெரிந்தது. மழை நின்றதால் வலி விட்டிருக்கும் என்று நினைத்துக்கொண்டேன்.

மூன்று மாதம் கழித்துக் கம்பெனியில் எடுத்த ரத்தத்தில் அழற்சி குறைந்திருந்தது. நம்பிக்கை வரவில்லை. அவர்கள் வேண்டியபடி எழுத எவ்வளவு நேரமாகும்? பல்லடத்துக்குப் பஸ் ஏறி, முன்பு எடுத்த லேபிலேயே மறுபடியும் எடுத்தேன். அங்கேயும் குறைந்துதான் இருந்தது. பஸ் ஸ்டாண்டில் இரண்டு தாள்களையும் மடியில் விரித்து, பெயரும் வயதும் என்னுடையதுதானா என்று திரும்பத் திரும்பப் பார்த்தேன்.

அடுத்த புதன்கிழமை டாக்டரம்மாவிடம் நேராகவே கேட்டேன். "கம்பெனி சொல்லித்தானுங்களே லீவு தரலை?"

அவர் கதவைப் பார்த்தார். பிறகு குரலைத் தாழ்த்தினார். "லீவைப் பாத்துக் குடுங்கன்னு சொன்னது நெசந்தாங்க. நடக்கச் சொன்னது அவங்க இல்லீங்க. எங்கம்மாவுக்கும் அதையேதான் சொல்லியிருக்கேன்."

கோபப்படுவதா, கும்பிடுவதா என்று தெரியவில்லை. நன்றி சொல்லிவிட்டு எழுந்தேன்.

இப்போதும் நடக்கிறேன். வீக்கம் வற்றிவிட்டது, மாடிப்படி ஏறினால் மட்டும் இடது முழங்கால் லேசாக வலிக்கும். எங்கள் தையல் லைனில் யாராவது கால்வலி என்று வந்தால் நடக்கத்தான் சொல்கிறேன். ஆனால் லீவு லெட்டரையும் விடாமல் கேட்கச் சொல்கிறேன்.