தவிட்டுக்கு வாங்கிய பெயர்

எனக்கு முன் பிறந்த இரண்டு பிள்ளைகளும் தங்கவில்லை. அதனால் அம்மா ஒரு படி தவிடு வாங்கிக்கொண்டு, பக்கத்து ஊரான பெரகலயில் காய்கறிக் கடை வைத்திருந்த சிங்களப் பெண்ணுக்கு என்னைச் சடங்காக விற்றார். வாங்கியவர் ‘மெனிக்கே’ என்று பெயரிட்டு, வளர்க்கச் சொல்லித் திருப்பிக் கொடுத்தார். தமிழச்சிக்கு ஏன் இந்தப் பெயர் என்று கேட்காத ஆளில்லை. “சிங்களத்துல மாணிக்கம்னு அர்த்தங்க” என்று சிரிப்பேன்.

போன மாதம், என் மகளுக்குப் பெயர் வைக்க அவரையே எங்கள் தேயிலைத் தோட்டத்து லயத்து வீட்டுக்கு அழைத்தேன். அம்மா இப்போது இல்லை. தூங்கும் பிள்ளையை மடியில் வாங்கியவர், “இவள யாரும் வாங்கத் தேவையில்ல மகள். நல்லா இருப்பா. ஒனக்குன்னு ஒங்கம்மா ஆசையா ஒரு பேரு வச்சிருந்தா. எங்கிட்ட மட்டும் சொன்னா” என்றார்.

பிறகு குனிந்து, “பூங்கொடி” என்று கூப்பிட்டார்.

பிள்ளை அசையவில்லை. “ம்” என்றது நான்தான்.