பக்கத்து அறையின் காலடிகள்

இது கட்டிவிட்ட கதையல்ல. கட்டுவதாக இருந்தால் இன்னும் கொஞ்சம் நல்லபடியாக முடித்திருப்பேன். அனுபவித்தவனே சொன்னான், நான் கூட்டவும் இல்லை, குறைக்கவும் இல்லை.

போருக்கு முன்னால் அவனும் அவன் மனைவியின் அண்ணனும் ஒரே ரிலே ஓட்ட அணி. மச்சான் பின்னாலிருந்து ஓடி வந்து "கை!" என்பார். இவன் திரும்பிப் பார்க்காமலே கையைப் பின்னால் நீட்டி, கோலை வாங்கிக்கொண்டு பறப்பான். திரும்பினால் போட்டி போச்சு.

இருவரும் ஒன்றாகவே எதிரியிடம் பிடிபட்டார்கள். மூடிக்கிடந்த ஒரு தொழிற்சாலையில் அடுத்தடுத்த அறைகள். எலும்பைத் துளைக்கும் குளிர். அங்கே படுத்தவர்கள் எழுந்திருக்கவில்லை. மச்சானுக்குக் காலில் குண்டடி வேறு. உள்ளே தள்ளும்போது அவர் சொன்னார்:

"மாப்ளே, படுத்துடாத. நின்ன இடத்துலயே ஓடு. முடியலைன்னா 'கை'ன்னு கத்து, நான் ஓடறேன். சத்தம் மட்டும் நிக்கக் கூடாது."

அண்ணனை உயிரோடு கூட்டிவருவதாக மனைவிக்கு வாக்குக் கொடுத்திருந்தான். அதற்காகவே ஓடினான்.

களைத்ததும் சுவரைப் பார்த்துக் கத்துவான். அந்தப் பக்கம் காலடி தொடங்கும். தொப்... தொப்... இவனுக்குப் போன உயிர் திரும்பி வரும்.

மச்சான் ஒரு வார்த்தை பேசவில்லை. காவலாளிக்குப் பயப்படுகிறார் என்று நினைத்துக்கொண்டான். குண்டடி பட்ட கால் நொண்டவும் இல்லை. அதில் இவனுக்குப் பெருமைதான்.

நாளாக ஆக, காலடி சுவரை ஒட்டிக் கேட்டது.

பிறகு சுவருக்குள்.

ஒரு பட்டப்பகல். இவன்தான் ஓடிக்கொண்டிருந்தான். முதுகுக்குப் பின்னால்... தொப்... தொப்...

மூச்சுச் சத்தம் இல்லை.

"கை!"

பழக்கதோஷம். கை தானாகப் பின்னால் போனது.

உள்ளங்கையில் ஐந்து விரல்கள் பதிந்தன. ஈரமாக.

இவன் திரும்பவில்லை. ஓடினான்.

கைதிகளை மாற்றிக்கொண்டபோது இவனை முதலில் விட்டார்கள். மச்சான் பல மாதம் கழித்துத்தான் வந்தார். சக்கர நாற்காலியில். முழங்காலுக்குக் கீழே ஒன்றும் இல்லை. நீங்கள் ஓடியதால்தான் பிழைத்தேன் என்று இவன் அவர் கையைப் பிடித்துக்கொண்டு அழுதான்.

"நானா? முதல் வாரமே குளிர்ல அழுகிப்போச்சுன்னு ரெண்டு காலையும் எடுத்துட்டு, அதே ரூம்ல கொண்டுவந்து போட்டாங்க மாப்ளே. நீ கத்துற ஒவ்வொரு தடவையும் பதிலுக்குக் கத்துனேன். உனக்குக் கேக்கல."

இவன் தன் உள்ளங்கையைப் பார்த்தான்.

"உன் ரூம்லதான் ரெண்டு பேர் மாத்தி மாத்தி ஓடுனீங்க. உனக்காவது ஒரு துணை இருக்கேன்னு நிம்மதியா இருந்தேன்."

அந்த அறையில் இவன் தனியாகத்தான் இருந்தான்.

மச்சான் வாசல் பக்கம் பார்த்தார்.

"உன்ன விட்ட அன்னைக்கும் ரெண்டு பேர் காலடியும் சேர்ந்துதானே வெளிய போச்சு. அந்த ஆளு இப்போ எங்க இருக்கான்?"