விழுந்த தாள்

ஃபாரஸ்ட் கேட் தேவாலய மண்டபத்தில் நாடக ஒத்திகை நடக்கிறது. வங்கி வேலையை விட்டு நடிக்க வந்த மகளைத் திரும்ப அழைத்துப்போக யாழ்ப்பாணத்திலிருந்து கடல் கடந்து வந்திருக்கிறேன். இயக்குநர் மாஸ்கோவில் பெயர்பெற்ற நடிகர். தன் நாடு நடத்தும் போரை எதிர்த்துப் பேசி அந்த நாட்டையே இழந்தவர்.

மகளின் வசனத்தாள் கீழே விழுகிறது. அவள் சட்டென்று அதன்மேல் உட்காருகிறாள். எனக்குப் பதறுகிறது.

"என்ன பிள்ளை, சரஸ்வதிக்கு மேலையோ இருக்கிறாய்?"

"இது ரஷ்ய நாடகக்காரரின்ர வழக்கம் அம்மா. விழுந்த தாளிலை இருந்திட்டுத்தான் எடுக்கவேணும். இல்லாட்டி நாடகமும் விழுந்திடுமாம்."

எடுத்த தாளைக் கண்ணில் ஒற்றிக்கொள்கிறாள். இயக்குநரும் தன் தாளைக் கண்ணில் ஒற்றிக் காட்டிச் சிரிக்கிறார். "மாஸ்கோவில் நான் சொன்னதை எல்லோரும் செய்தார்கள். இங்கே உங்கள் மகள் சொல்வதை நான் செய்கிறேன்."

நாற்காலியை மேடைக்குக் கிட்ட இழுத்துப் போடுகிறேன்.