முடியும்போது எம்புட்டு?

ஊசியைப் பல்லில் கடித்துக்கொண்டேதான் கஸ்தூரியம்மாள் அந்தக் கேள்வியைக் கேட்பார்.

"அது சரிப்பா, முடியும்போது எம்புட்டு?"

எதிரே நிற்கும் ஜீப் டிரைவர், புதிதாக எடுத்த மோட்டார் சைக்கிளின் பெருமையை அப்போதுதான் சொல்லி முடித்திருப்பான். மாதம் ஆயிரத்து நூறுதான் தவணை என்று அழுத்தியும் சொல்லியிருப்பான்.

"மாசத்த யாருடா கேட்டா? கடைசித் தவணையும் கட்டி நிமிந்து பாக்கும்போது மொத்தம் எம்புட்டு குடுத்திருப்ப?"

அவன் தலையைச் சொறிவான். அவர் பல்லிலிருந்து ஊசியை எடுத்து, கிழிந்த படுதாவுக்குள் இறக்குவார். கூடலூரிலிருந்து லோயர் கேம்ப் போகிற சாலையோரத்தில், புளியமரத்தை ஒட்டிய தகரக் கொட்டகையில் இந்தப் பேச்சு எல்லா நாளும் நடக்கும். தவணைக்கு டிவி எடுத்தவன், மிக்சி எடுத்தவள், சங்கிலியை அடகு வைத்தவள் எவருமே இதிலிருந்து தப்ப முடியாது. சில டிரைவர்கள் புது செல்போனைப் பையில் மறைத்துக்கொண்டு வருகிறார்கள்.

அவருடைய தொழில் ஜீப்புகளுக்குப் படுதா தைப்பது, சீட்டுக்கு ரெக்சின் போடுவது. விடிந்ததும் ஏலத்தோட்டத்து வேலைக்குப் பெண்களை ஏற்றிக்கொண்டு மலையேறும் ஜீப்புகளில் பாதிக்கு அவர் தைத்த கூரைதான். மலைக்கு அந்தப் பக்கம் பெய்கிற மழை, தையல் விட்ட இடத்தைத் தேடிக் கண்டுபிடித்து உள்ளே வரும் என்பார். அதனால் அவரிடம் ஒரு வழக்கம் உண்டு. தைத்து முடித்த படுதாவை ஜீப்பில் மாட்டியதும் டிரைவரை உள்ளே உட்காரச் சொல்வார். ஸ்டூல் மேல் ஏறி நின்று, குடம் குடமாகத் தண்ணீரை மேலே ஊற்றுவார். "நனைஞ்சியா?" என்று கேட்பார். ஒரு சொட்டு விழுந்தாலும் கூலி வாங்கமாட்டார். எனக்குத் தெரிந்து அவர் கூலி வாங்காமல் விட்டதில்லை.

குமுளியிலிருந்து வரும் மலையாள டிரைவர்கள் அவரைச் 'சேச்சி' என்பார்கள். "சேச்சி, இன்னு கிட்டுமோ?" என்று ஒருவர் அவசரப்பட்டால், "நாளைக்கி வாங்க, கிட்டும்" என்று பாதி அவர்கள் பாஷையிலேயே பதில் போகும். நாற்பத்தைந்து வயதிருக்கும். ஒல்லியான உடம்பு. கைகள் மட்டும் அந்த உடம்புக்குச் சேராதவை. கெட்டித் துணியை இழுத்து இழுத்து விரல் கணுக்கள் பருத்துவிட்டன. நாற்காலியில் உட்காரமாட்டார். கழற்றிப்போட்ட ஒரு பழைய ஜீப் சீட்டுதான் அவருக்கு ஆசனம். உத்தமபாளையத்திலிருந்து என் ஸ்கூட்டர் சீட்டைத் தைக்க வந்தவன் நான். அந்த ஆசனத்தில் ஓரமாக எனக்கும் இடம் கொடுத்தபோதுதான், அவருடைய கேள்வி எங்கிருந்து வந்தது என்று கேட்டேன்.

"எங்க வீட்டுல இருந்துதேன்" என்றார்.

கணவர் சுருளிவேல் ஜீப் ஓட்டுகிறவர். சொந்த ஜீப் இல்லை, முதலாளி ஜீப். ஒரே காம்பவுண்டுக்குள் எட்டுக் குடும்பம் இருந்த வாடகை வீட்டில் பத்து வருடத்துக்கு மேல் குடியிருந்தார்கள். சிறுகச் சிறுகச் சேர்த்து ஒரு மனை வாங்கி, 2001இல் அதன் பத்திரத்தை வங்கியில் வைத்து மூன்று லட்ச ரூபாய் கடன் வாங்கி வீடு கட்டினார்கள். பதினைந்து வருடக் கடன், நூற்றுக்குப் பன்னிரண்டு வட்டி. மாதத் தவணை மூவாயிரத்து அறுநூறு.

"கடன் குடுக்கும்போதே மேனேசர் எல்லாத்தையும் வெவரமா சொல்லத்தான் செஞ்சாக. தப்புச் சொல்லக் கூடாது. எங்க ரெண்டு பேரு காதுலயும் மாசத் தவணை மட்டுந்தேன் விழுந்துச்சு. மூவாயிரத்து அறுநூறு கட்டிரலாமா? கட்டிரலாம். அம்புட்டுத்தேன் கணக்கு."

வீடு எழுந்தது. முன்னால் ஒரு ஹால், அதை ஒட்டி ஓர் அறை, பின்னால் அடுப்படி, அதற்கும் பின்னால் ஒரு தாழ்வாரம். ஹாலுக்கு மொசைக் தரை. கிரகப்பிரவேசத்தன்று வந்தவர்களையெல்லாம் செருப்பைக் கழற்றச் சொல்லி, அந்தத் தரையில் நடந்து பார்க்க வைத்தாராம்.

ஒரு மாதம்கூடத் தவணை தவறவில்லை. நாலு வருடம் ஓடியது. கட்டியதையெல்லாம் கஸ்தூரியம்மாள் மனதிலேயே கூட்டிக்கொண்டு வந்தார். ஒன்றே முக்கால் லட்சத்துக்குப் பக்கம் வந்துவிட்டது. மூன்று லட்சத்தில் பாதிக்கு மேல் தீர்ந்தது என்று தெருவில் சொல்லியும் வைத்திருந்தார். அந்த வருடம் அவருக்கு ஏலச்சீட்டில் அறுபதாயிரம் கிடைத்தது. அது சுருளிவேலின் ஜீப்புக்கு முன்பணம் என்று இருவரும் முன்பே பேசி வைத்திருந்தார்கள். கம்பத்தில் ஒரு பழைய ஜீப்பைப் பார்த்து, அதன் கதவைக்கூட இரண்டு முறை திறந்து மூடிப் பார்த்துவிட்டு வந்திருந்தார் சுருளிவேல். கம்பத்துக்குக் கிளம்பிய அன்று, வழியில் வங்கிக்கும் போய் மீதிக் கடன் எவ்வளவு என்று கேட்டுக்கொண்டு போகலாம் என்றவர் கஸ்தூரியம்மாள்தான். நல்ல செய்தி ஒன்றைக் கேட்டுவிட்டு ஜீப் வாங்கப் போகலாம் என்ற ஆசை. பட்டுச்சேலை கட்டியிருந்தார்.

வங்கியில் கடன் பிரிவைப் பார்த்துக்கொண்டவர் ஏசுதாசன், போடிக்காரர். கணினியைப் பார்த்துவிட்டு, அசல் பாக்கி இரண்டு லட்சத்து அறுபத்து மூவாயிரம் என்றார்.

"சார், வேற யாரு கணக்கையோ பாக்குறீக" என்றார் கஸ்தூரியம்மாள்.

ஏசுதாசன் பெயரைப் படித்தார். மனை இருக்கும் தெருவைப் படித்தார். பிறகு நாற்காலியை இவர்கள் பக்கம் திருப்பிப் போட்டுக்கொண்டு நிதானமாகச் சொன்னார்.

"நூத்துக்குப் பன்னெண்டுன்னா மாசம் ஒரு ரூவா வட்டிம்மா. மூணு லட்சத்துக்கு மாச வட்டி மட்டும் எவ்வளவு? மூவாயிரம். நீங்க கட்டுனது மூவாயிரத்து அறுநூறு. மொத மாசம் அதுல மூவாயிரம் வட்டிக்குப் போயிருச்சு. மிச்சம் அறுநூறுதான் அசல்ல கழிஞ்சது. அசல் கொறையக் கொறைய வட்டி கொறையும். ஆனா ஆரம்பத்துல ரொம்ப மெதுவாத்தான் கொறையும்."

"அப்ப இந்த நாலு வருசமும்?"

"அசல்ல முப்பத்தேழாயிரம் கொறைஞ்சிருக்கு."

"இப்பிடியே கட்டிட்டுப் போனா, முடியும்போது மொத்தம் எம்புட்டு சார் ஆகும்?"

"ஆறரை லட்சத்துக்கு ஒரு ரெண்டாயிரம் கொறைச்சல்."

அந்த நிமிடத்தைப் பற்றிச் சொல்லும்போது மட்டும் கஸ்தூரியம்மாள் ஊசியைக் கீழே வைத்தார். "ரெண்டு வீட்டுக்குக் காசு குடுத்து ஒரு வீடு வாங்கியிருக்கோம்னு அன்னைக்குத்தேன் தெரிஞ்சுச்சு. எனக்கு அழுக வரல, வெக்கமா இருந்துச்சு. தெருப்பூராம் பாதி முடிஞ்சுருச்சுன்னு சொல்லி வச்சிருக்கேன்ல."

சுருளிவேல் கேட்டார். "சார், மாசத் தவணை போக, இப்ப ஒரு அறுவதாயிரம் கட்டுனா அதுலயும் வட்டிக்கு எடுத்துக்கிருவீகளா?"

"இல்ல. அது முழுசும் அசல்லயே கழியும். ஒங்களுக்கு நாலு வருசத் தவணை மிச்சமாகும்."

சுருளிவேல் சட்டைக்குள் கையை விட்டார். ஜீப்புக்காகத் துணியில் சுற்றி வைத்திருந்த பொட்டலத்தை எடுத்து மேசைமேல் வைத்தார்.

"நான் கேக்கல. எப்பிடிக் கேப்பேன்? அவுகளா எடுத்து வச்சாக. பஸ்ஸுல வரும்போது அவுக மொகத்தப் பாக்க எனக்குத் தெம்பு இல்ல. குமுளி ஜீப்பு ஒண்ணு எங்கள முந்திப் போச்சு. ரெண்டு பேரும் வேற பக்கம் பாத்துக்கிட்டோம்."

அடுத்த முடிவு கஸ்தூரியம்மாளுடையது. ஹாலையும் அறையையும் வாடகைக்கு விடுவது. மாதம் வருகிற ஆயிரத்தைத் தவணையோடு சேர்த்து அசலுக்குக் கட்டுவது. கணவர், மகள் முத்துமாரி, தான் என மூவரும் அடுப்படியிலும் பின்தாழ்வாரத்திலும் இருந்துகொள்வது. சுருளிவேல் வேண்டாம் என்றார். புது வீட்டில் மூன்று பேரும் அடுப்புப் புகையில் படுப்பதா என்று கேட்டார். "ஜீப்ப விட்டுக்குடுத்தீகள்ல, நான் ஹால விட்டுக்குடுக்கக் கூடாதா?" என்று கஸ்தூரியம்மாள் திருப்பிக் கேட்டிருக்கிறார்.

குடிவந்தவர்கள் பள்ளி ஆசிரியை அம்சத் பீவியும் அவர் கணவரும். கம்பத்துக் குடும்பம். கஸ்தூரியம்மாளின் கொழுந்தன் அம்மாவாசி, ஒரு கல்யாண வீட்டில் பத்துப் பேர் கேட்க, "எங்க மதினி மொசைக்கு வீடு கட்டிட்டு அடுப்படியில குடியிருக்காக" என்று சிரித்திருக்கிறார்.

கஸ்தூரியம்மாள் இலையிலிருந்து தலையை நிமிர்த்தாமல் பதில் சொன்னாராம். "ஆமா தம்பி. இன்னும் கொஞ்ச வருசம் அடுப்படியில இருந்துட்டா, வீடு பூராம் எங்களுது. இல்லாட்டி ஹால்ல உக்காந்துக்கிட்டு பேங்கு வீட்டுல இருக்கணும்."

சொல்லிவிட்டாரே தவிர, சுலபமாக இருக்கவில்லை. கோடையில் தாழ்வாரத்துத் தகரம் காயும். மழைக்காலத்தில் பாயைச் சுருட்டிக்கொண்டு மூவரும் அடுப்புப் பக்கம் ஒண்டுவார்கள். சுருளிவேல் கம்பம் பக்கம் போனால், அந்த ஜீப் நின்ற தெரு வழியாகப் போவதில்லை. கஸ்தூரியம்மாள் அதைக் கவனித்திருந்தார், கேட்டதில்லை. கொட்டகையில் கூடுதலாகப் படுதாக்கள் எடுத்துத் தைத்து வீட்டுச் செலவைச் சரிக்கட்டினார். வாடகைப் பணத்தை வீட்டுச் செலவுக்குத் தொடவே இல்லை.

2007இல் முத்துமாரி பெரிய மனுசியானாள். சடங்கு வைக்க இடம் இல்லை. மண்டபம் பிடித்தால் அந்த வருடத்து வாடகை முழுவதும் போய்விடும். தெருவிலேயே பந்தல் போட்டுவிடலாம் என்று பேசிக்கொண்டிருந்ததை அம்சத் பீவி கேட்டுவிட்டார். மறுநாள் காலையில் பார்த்தால், ஆசிரியையும் அவர் கணவரும் பீரோ, கட்டில், மேசை எல்லாவற்றையும் அறைக்குள் தள்ளி ஹாலைக் காலி செய்துகொண்டிருந்தார்கள்.

"என்ன டீச்சர் இது?"

"தெருவுல எதுக்குக்கா? இங்கன வச்சுக் கும்பிடுங்க. ஒங்க வீடுதான இது?"

தாம்பாளத்தோடு தன் ஹாலின் வாசற்படியில் நின்ற கஸ்தூரியம்மாளுக்கு உள்ளே கால் வைக்கத் தயக்கமாக இருந்ததாம். வாடகை வாங்குகிற இடத்தில் விழா வைப்பது சரியா என்று யோசித்திருக்கிறார். அம்சத் பீவிதான் கையைப் பிடித்து உள்ளே இழுத்தார். இவரும் விடவில்லை. அந்த மாத வாடகையிலிருந்து ஒரு நாள் வாடகையைக் கழித்து அவர் கையில் திணித்துவிட்டார். "அவுக திட்டுனாக. திட்டட்டும். கணக்கு கணக்குத்தேன்."

2010 மாசியில் கடன் தீர்ந்தது. பதினைந்து வருடம் ஓட வேண்டியது ஒன்பது வருடத்தில் நின்றது. மொத்தமாகக் கட்டியது ஐந்து லட்சத்தைச் சற்றுத் தாண்டியது. ஒன்றரை லட்சத்துக்குக் கொஞ்சம் குறைவாக மிச்சம். ஏசுதாசன் பத்திரத்தைக் கொடுக்கும்போது எழுந்து நின்று கொடுத்தார் என்பதைக் கஸ்தூரியம்மாள் என்னிடம் இரண்டு முறை சொன்னார். அம்சத் பீவிக்குக் கம்பத்துக்கே மாற்றல் கிடைத்து அவர்கள் சித்திரையில் கிளம்பியபோது, வேறு ஆளைக் குடிவைக்கவில்லை.

"தவணைக் காச இப்ப என்ன செய்யுறீக?" என்று கேட்டேன்.

"அதே தேதிக்கு, அதே காச எடுத்து வைக்கிறேன். அவுக ஜீப்புக்கு. இந்தத் தடவ மொத்தக் காசையும் கையில வச்சுக்கிட்டுத்தேன் கம்பத்துக்குப் போவோம்." அதைச் சொல்லும்போது முகத்தில் சிரிப்பில்லை. ஆனால் குரல் கொட்டகைக்கு வெளியே நின்ற இரண்டு டிரைவர்களுக்கும் கேட்கிற அளவுக்கு உயர்ந்தது.

ஆனி மாதம் ஒரு ஞாயிற்றுக்கிழமை அவர் வீட்டுக்குப் போயிருந்தேன். சுருளிவேல் வாசலில் முதலாளியின் ஜீப்புக்கு அடியில் மல்லாந்து கிடந்து ஏதோ முடுக்கிக்கொண்டிருந்தார். அப்போது மக்கள்தொகைக் கணக்குக்காக வீடு வீடாக விவரம் எடுத்து வந்த ஓர் ஆசிரியை, குடையை மடக்கிக்கொண்டு படியேறினார். சுவர் எதனால் கட்டியது, கூரை என்ன, தரை என்ன என்று கேட்டுக்கொண்டே போனார். கஸ்தூரியம்மாள் சட்சட்டென்று பதில் சொன்னார். மொசைக் என்று சொல்லும்போது மட்டும் சற்று நிறுத்திச் சொன்னார்.

"வீடு சொந்தமா, வாடகையாம்மா?"

கஸ்தூரியம்மாள் வாயைத் திறந்தார். பிறகு மூடிக்கொண்டார்.

"ஒரு நிமிசம் இருங்க டீச்சர்." வாசல் பக்கம் திரும்பிக் கூப்பிட்டார். "ஏங்க, செத்த இங்கன வாங்க. டீச்சர் ஒண்ணு கேக்குறாக. அத நீங்கதேன் சொல்லணும்."

சுருளிவேல் ஜீப்புக்கு அடியிலிருந்து நகர்ந்து வெளியே வந்தார். கையிலிருந்த மசகைத் துணியில் துடைத்தபடி, என்னவோ ஏதோவென்ற முகத்தோடு படியில் வந்து நின்றார். ஆசிரியை கேள்வியைத் திரும்பக் கேட்டார். அவர் பதில் சொல்வதற்குள் கஸ்தூரியம்மாள் கையை நீட்டி, மடங்கிக் கிடந்த அவருடைய சட்டைக் காலரை நிமிர்த்திவிட்டார்.