மாமாவின் கால்ஷீட்

ஏழு வயது வரை என் காதில் ஓட்டை கிடையாது. எங்கள் நிலக்கோட்டைப் பக்கத்தில் ஒரு பெண்பிள்ளைக்கு இது லேசுப்பட்ட விஷயமில்லை. நடை பழகுகிற வயதிலேயே எல்லாப் பிள்ளைகளுக்கும் கம்மல் ஏறிவிடும். நான் மட்டும் இரண்டாம் வகுப்பிலும் வெறுங்காதோடு போய் உட்கார்ந்திருந்தேன். 'மொட்டைக்காது' என்று கூப்பிட்ட ஒருத்தியை ஒருநாள் கடித்து வைத்தேன். காதில்தான்.

வீட்டில் பவுனுக்குப் பஞ்சம் என்று நினைத்துவிடாதீர்கள். அப்பாவின் மல்லிகைத் தோட்டம் அந்த அளவுக்கு எங்களைக் கைவிட்டதில்லை. கிடைக்காமல் போனது மாமாவின் கால்ஷீட். தாய்மாமன் மடியில் உட்கார வைத்துத்தான் காது குத்த வேண்டும். என் அம்மாவுக்கு உடன்பிறந்தவர் அவர் ஒருவர்தான். அவரோ சென்னையில் நடிகராக இருந்தார்.

நடிகர் என்றதும் பெரிதாக எதுவும் கற்பனை செய்ய வேண்டாம். மாமா நடித்த படங்கள் ஏராளம். அவரைப் பார்த்தவர்கள்தான் குறைவு. கதாநாயகனுக்குப் பின்னால் நிற்கும் கான்ஸ்டபிள், கையில் மருந்துத் தட்டோடு போகும் கம்பவுண்டர், 'ஐயா, பெரியவர் வர்றாருங்க' என்று மூச்சிரைக்க ஓடிவந்து சொல்லிவிட்டு அப்படியே காணாமல் போகிற ஆள், இப்படித்தான் அவருக்கு வாய்க்கும். படம் வந்தால் நாங்கள் குடும்பத்தோடு திண்டுக்கல் போய்ப் பார்ப்போம். "இந்தா வருவான், கண்ணச் சிமிட்டாத" என்று அம்மா என் தொடையில் கிள்ளிக்கொண்டே இருப்பாள். ஒரு படத்தில் சரியாக மாமா வரும் நேரம் கதாநாயகன் கையைத் தூக்கி அவர் முகத்தை மறைத்துவிட்டான். "எம் மச்சினன் தோள்பட்டைய நல்லாப் பாத்தேன்" என்று அப்பா திரும்பி வரும் பஸ்ஸில் சொல்ல, அம்மா வீடு வந்து சேரும் வரை அவரோடு பேசவில்லை. இன்னொரு படத்தில் கதாநாயகன் மாமாவைத் தூக்கிப் போட்டு மிதித்தான். "கட்டையில போறவன், பிள்ளைய என்னா அடி அடிக்கிறான்" என்று அம்மா வாய்விட்டே திட்ட, முன் வரிசை ரசிகர்கள் எல்லோரும் திரும்பிப் பார்த்தார்கள்.

பிறகுதான் மாமாவுக்கு டிவி சீரியல் கிடைத்தது. அதில் அவர் ஒரு பெரிய வீட்டு டிரைவர். அந்த வீட்டில் பாத்திரம் தேய்க்கிற பெண்தான் முதலாளியின் சொந்த மகள் என்கிற உண்மை டிரைவர் ஒருவருக்குத்தான் தெரியும். வாரத்துக்கு ஒரு தடவையாவது அதைச் சொல்ல வாயைத் திறப்பார். உடனே காலிங்பெல் அடிக்கும், அல்லது யாருக்காவது மயக்கம் வந்துவிடும், தொடரும் போட்டுவிடுவார்கள். நிலக்கோட்டை பூ மார்க்கெட்டில் அப்பா மூட்டையை இறக்குவதற்குள் ஆட்கள் கேட்பார்கள்: "ஏண்ணே, உங்க மச்சினன் எப்பத்தேன் வாயத் தெறப்பாரு?" அத்தனை வருஷம் ஓடி ஓடி நடித்தவருக்கு முதல்தடவையாக முகம் கிடைத்தது இந்த டிரைவர் வேஷத்தில்தான்.

அந்த வேஷம் வந்த பிறகு அவருக்கு ஊருக்கு வர ஒருநாள்கூட ஒழியவில்லை. தேதி குறிப்பதும் தள்ளிப் போடுவதுமாக இருந்தது. எங்கள் அத்தை, அதாவது அப்பாவின் தங்கை, வாயை வைத்துக்கொண்டு சும்மா இருக்கிற ஆள் இல்லை. "மாமன் வரலேன்னா போகுது மதினி. எங்க வீட்டுக்காரரு மடியில உக்கார வச்சுக் குத்திருவோம். புள்ள சமைஞ்சு நிக்கிற வரைக்குமா காத்துக் கெடக்கிறது?" என்றாள். அம்மா அடுப்படியில் போய் நின்று அழுதாள். அம்மாவைப் பெற்றவர்கள் இரண்டு பேரும் அப்போதே இல்லை. தாய் தகப்பன் இல்லாதவளுக்குத் தம்பிதான் பிறந்த வீடு. சபையில் அவன் வந்து சீர்த்தட்டோடு நிற்கவில்லை என்றால், நாதியற்றவள் என்று நாலு பேர் முன்னால் ஆகிப்போகும். அம்மாவுக்கு அதுதான் பயம்.

கடைசியில் மாமாவே போன் செய்து ஒரு தேதி சொன்னார். அந்த வாரம் தனக்குக் காட்சி இல்லை என்றும், மேனேஜரிடம் சொல்லி வைத்துவிட்டதாகவும் சொன்னார். அப்பா பத்திரிகை அடித்தார். குலதெய்வம் கோயிலில் கிடாய் வெட்டு, பந்தி என்று ஏற்பாடு ஆயிற்று. நான் பள்ளிக்கூடத்தில் என் விரோதிகள் உட்பட எல்லோரையும் அழைத்தேன். கம்மலை விடவும் டிரைவர் மாமாவைக் காட்டுகிற ஆசைதான் எனக்கு.

முதல்நாள் சாயங்காலம் மாமா வந்து இறங்கினார். பட்டுப்பாவாடை, கம்மல், அம்மாவுக்குச் சேலை எல்லாம் கொண்டுவந்திருந்தார். அவற்றை விடப் பெரிதாக ஒரு சேதியும் கொண்டுவந்திருந்தார். அடுத்த வாரம் டிரைவர் உண்மையைச் சொல்லப் போகிறார். நடுக்கூடத்தில் எல்லோரையும் நிற்க வைத்து, அவர் ஒருவர் மட்டுமே பேசுகிற காட்சி.

"அது நல்லா வந்துருச்சுன்னா போதும்க்கா. அதுக்கப்புறம் என்னைய யாரும் ஓரமா நிறுத்த முடியாது" என்றார்.

வசனம் இன்னும் அவர் கைக்கு வரவில்லை. உதவி டைரக்டர் சொன்ன கதையை வைத்துக்கொண்டு அவராகவே பேசிப் பேசிப் பார்த்தார். சாப்பிட உட்கார்ந்த இடத்திலும் பேசினார். தொட்டுக்கொள்ள வைத்த வெஞ்சனக் கிண்ணத்தைப் பார்த்து, "ஐயா, இத்தன நாளா நெஞ்சுல பூட்டி வச்சிருந்தேன்யா" என்றபோது அம்மா முந்தானையால் கண்ணைத் துடைத்தாள். நான் ஒவ்வொரு தடவையும் கை தட்டினேன்.

மறுநாள் விடிகிற நேரத்துக்கு எல்லோரும் தோட்டத்தில் இருந்தோம். வீட்டில் விசேஷம் என்று மல்லிகைக்குத் தெரியாது. மொட்டாக இருக்கும்போதே பறித்தாக வேண்டும், வெயில் ஏறினால் விரிந்துவிடும். கல்யாணமே என்றாலும் பூப் பறித்துவிட்டுத்தான் எங்கள் பக்கம் தலைக்குக் குளிப்பார்கள். அம்மாவும் அப்பாவும் அந்தக் கோடியில் பறித்துக்கொண்டிருந்தார்கள். இந்தக் கோடியில் மாமாவும் நானும். அப்போது அவர் போன் அடித்தது.

மாமா போனைக் காதில் வைத்துக்கொண்டு செடிகளுக்கு நடுவே நடந்தார். நான் பூக்கூடையோடு பின்னாலேயே போனேன்.

"இன்னைக்கா சார்? அடுத்த வாரம்னீங்களே... ஹீரோயின் மேடத்துக்கு இன்னைக்குத்தான் தேதியா? இல்ல சார், நான் ஊர்ல இருக்கேன். இப்பவே கெளம்பினா சாயங்காலம் வந்துரலாம், ஒத்துக்கிறேன் சார். ஆனா இன்னைக்கு எங்கக்கா மகளுக்குக் காதுகுத்து. என் மடியில வச்சுத்தான் சார் குத்தணும். எங்கக்காவுக்கு என்னைய விட்டா யாரும் இல்ல சார்."

கொஞ்ச நேரம் கேட்டுக்கொண்டு நின்றார். அப்புறம் குரல் இறங்கிவிட்டது.

"முடிஞ்ச கையோட பஸ் ஏறிர்றேன் சார். நாளைக்கு விடியக்குள்ள செட்டுல நிப்பேன். உங்க காலப் புடிச்சுக் கேக்குறேன், அந்த டிரைவர மட்டும் முடிச்சுறாதீங்க சார்."

அந்தப் பக்கம் போனை வைத்துவிட்டார்கள். நான் பூக்கூடையைக் கீழே வைத்துவிட்டுப் பலமாகக் கை தட்டினேன். நேற்றிலிருந்து அவர் பேசிப் பார்த்த வசனங்களிலேயே இதுதான் எனக்கு ரொம்பப் பிடித்தது. என்னைப் பற்றிக்கூட அதில் வருகிறதே!

"மாமா, இன்னொருக்கா பேசுங்க மாமா" என்றேன்.

அவர் என்னையே செத்த நேரம் பார்த்தார். பிறகு செத்துப்போன போனை மறுபடியும் காதில் வைத்து, அத்தனை வார்த்தைகளையும் அப்படியே பேசிக் காட்டினார். 'காலப் புடிச்சுக் கேக்குறேன்' என்ற இடத்தில் குனிந்து என் பாதத்தைத் தொட்டுக் கிச்சுகிச்சு மூட்டினார். நான் விழுந்து விழுந்து சிரித்தேன்.

"அம்மாட்ட இதச் சொல்லிறாத தாயி, நமக்குள்ள இருக்கட்டும்" என்றார். வசனத்தை முன்கூட்டியே வெளியில் சொல்லக் கூடாதுபோல என்று நானும் தலையாட்டினேன்.

காதுகுத்து ஜாம்ஜாம் என்று நடந்தது. மாமா பட்டு வேட்டியில் சீர்த்தட்டைத் தலைக்கு மேல் தூக்கிக்கொண்டு கொட்டுக்கு முன்னால் வந்தார். அம்மாவுக்கு அன்றைக்குத் தரையில் கால் படவில்லை. எனக்குத் தெரிந்து அவள் அப்படிச் சிரித்து அதற்கு முன் நான் பார்த்ததில்லை. ஆசாரி ஊசியை எடுத்ததும் நான் மாமாவின் கையைக் கடித்தேன். வலி எனக்கா அவருக்கா என்று தெரியவில்லை, கண்ணீர் அவருக்குத்தான் பொலபொலவென்று வந்தது. "காமிரா இல்லாமயே அழுகுறாரு பாரு" என்று கூட்டத்தில் சிரித்தார்கள். பந்தியில் பெண்கள் அவரைச் சூழ்ந்துகொண்டு, "எங்களுக்கு மட்டுமாச்சும் சொல்லுங்க, அந்தப் புள்ளகிட்ட எப்ப உண்மையச் சொல்லப் போறீக?" என்று பிடித்துக்கொண்டார்கள்.

"சொல்லிருவோம் மதினி, செத்த பொறுங்க" என்று சொல்லி மாமா எல்லோருக்கும் சோறு பரிமாறினார்.

அன்று சாயங்காலம் கிளம்புவதாகச் சொல்லியிருந்தவர் கிளம்பவில்லை. மறுநாளும் கிளம்பவில்லை. எனக்குக் கொண்டாட்டம். என்னைப் பள்ளிக்கூடத்தில் கொண்டுவிட்டார், காதுக்குத் தேங்காய் எண்ணெய் வைத்துவிட்டார், அப்பாவோடு மார்க்கெட்டுக்குப் போனார். "ஷூட்டிங் இல்லையாடா?" என்று அம்மா கேட்டபோதெல்லாம், "கூப்பிடுவாங்கக்கா" என்றார்.

சீரியல்காரர்களின் வழக்கம் ஒன்று உண்டு. பெரிய நடிகர் வராமல் நின்றுவிட்டால், 'இனி இவருக்குப் பதில் இவர்' என்று திரையில் எழுத்துப் போட்டு வேறொருவரைக் கூட்டிவருவார்கள். சின்ன நடிகருக்கு அந்தச் செலவெல்லாம் செய்ய மாட்டார்கள்.

அடுத்த வாரத்தில் ஒருநாள் சாயங்காலம், காட்சி தொடங்கியதும் அந்தப் பெரிய வீட்டுச் சுவரில் மாமாவின் படம் தொங்கியது. படத்துக்கு மாலை. கீழே விளக்கு. "பாவம், வண்டி மரத்துல மோதி அந்த இடத்துலயே உசுரு போயிருச்சாம்" என்று சமையல்காரி சொன்னாள். அவ்வளவுதான், எல்லோரும் வேறு விஷயம் பேசப் போய்விட்டார்கள். அந்தப் படத்துக்கு நேர் எதிரே, எங்கள் வீட்டில், மாமா தட்டில் இட்டிலியோடு உட்கார்ந்திருந்தார்.

அம்மா போட்ட சத்தத்தில் பக்கத்து வீட்டிலிருந்து ஆள் ஓடிவந்தது. பூ விற்றுப் பிழைக்கிற குடும்பம் எங்களுடையது. எந்தப் பூ யாருக்கு, எதற்கு என்பதில் அம்மா விளையாட மாட்டாள். "உசுரோட இருக்கிற பிள்ளைக்கு மாலை போட்டாய்ங்களே, வெளங்குவாய்ங்களா!" என்று டிவியை அணைத்தாள். மிளகாயும் உப்பும் எடுத்து வந்து மாமாவின் தலையைச் சுற்றி அடுப்பில் போட்டாள். "பாத்தியா, நெடியே வரல. அம்புட்டும் கண்ணு" என்றாள்.

"பிளாஸ்டிக் மாலைக்கா, அதுக்கெல்லாம் பலிக்காது" என்று மாமா சிரித்தார்.

"அம்புட்டுப் பெரிய சீன் இருக்குன்னியேடா. திடீர்னு ஏன்டா கொன்னாய்ங்க?"

"கதைய மாத்திட்டாங்கக்கா. டைரக்டர் இஷ்டம், நாம என்ன சொல்ல முடியும்?"

அத்தை அன்றைக்கு எங்கள் வீட்டில்தான் இருந்தாள். அவள் வாய் சும்மா இருக்குமா? "கதைய மாத்துனாங்களோ என்னமோ. பெரிய சீன்னதும் இவருக்கு நடிப்பு வரலையோ என்னமோ" என்றாள்.

எனக்குச் சுருக்கென்று கோபம் வந்தது. என் மாமாவுக்கா நடிப்பு வராது? யாரிடமும் சொல்லக் கூடாது என்பதெல்லாம் அந்தக் கோபத்தில் பறந்துவிட்டது. டிரைவர்தான் செத்தாயிற்றே, இனி எதற்கு ரகசியம்? கூடத்தின் நடுவில் போய் நின்றேன். உள்ளங்கையைக் காதில் வைத்துக்கொண்டேன். மாமா எப்படிப் பேசினாரோ அப்படியே பேசினேன்.

"இன்னைக்கா சார்? நான் ஊர்ல இருக்கேன் சார். இன்னைக்கு எங்கக்கா மகளுக்குக் காதுகுத்து. என் மடியில வச்சுத்தான் சார் குத்தணும்."

"ஏ தாயி, போதும்" என்றார் மாமா.

நான் நிறுத்தவில்லை. நல்ல இடம் இனிமேல்தான் வரப்போகிறது. "எங்கக்காவுக்கு என்னைய விட்டா யாரும் இல்ல சார்" என்று குரலை இறக்கினேன். "உங்க காலப் புடிச்சுக் கேக்குறேன், அந்த டிரைவர மட்டும் முடிச்சுறாதீங்க சார்" என்று குனிந்து, தரையையும் தொட்டுக் காட்டினேன்.

நிமிர்ந்து பார்த்தால், கை தட்ட ஒருவரும் இல்லை. அப்பா எழுந்து வாசல் பக்கம் போய்விட்டார். அத்தை முந்தானையால் வாயைப் பொத்திக்கொண்டிருந்தாள். அம்மா கையிலிருந்த கரண்டியைக் கீழே போட்டுவிட்டு, போய் மாமாவின் தலையைத் தன் வயிற்றோடு சேர்த்துக் கட்டிக்கொண்டு, "பாவி, பாவி, சொல்லக் கூடாதாடா" என்று அழுதாள். மாமா அவள் முதுகைத் தட்டிக்கொடுத்தார். எத்தனையோ படத்தில் மாமா அடிபட்டும் மிதிபட்டும் அம்மா இப்படி அழுததில்லை. அத்தையைக்கூட அழ வைத்துவிட்டேனே, மாமாவை விட நான் நன்றாக நடித்திருக்கிறேன் என்று நினைத்துக்கொண்டேன். அன்றைக்குத் தூங்கப் போகிறவரைக்கும் எனக்குப் பெருமை தாங்கவில்லை.