காயாத தட்டு

எங்கள் வீட்டில் பட்டம் வாங்கிய முதல் ஆள் நான். நட்சத்திரத்திலிருந்து மின்சாரம் இழுக்கும் நிலையத்தில் சேர்ந்த முதல் வாரம், ஒளி வாங்கும் தட்டுகளைத் துடைக்கும் அக்கா ஈரத்துணியோடு ஓடி வந்தார்.

"தம்பி, துடைச்ச ஈரம் காயவே மாட்டேங்குது. நட்சத்திரம் சோர்ந்துபோச்சு, இழுக்கிறதை நிறுத்துங்க!"

"மீட்டர் சரியாத்தானே காட்டுது?"

"அதுக்கென்ன, உக்காந்த இடத்துலயே சொல்லும். தட்டைத் தொட்டுப் பாக்குறது நான்தானே."

நிறுத்தினேன். ஊர் முழுக்கக் கரண்ட் போனது. மேலாளர் என்னை அப்போதே வீட்டுக்கு அனுப்பப் பார்த்தார்.

அக்கா குறுக்கே வந்தார். "நிறுத்தச் சொன்னது நான் சார். அனுப்புறதா இருந்தா என்னை அனுப்புங்க. அதுக்கு முன்னாடி மீட்டரைப் பாருங்க."

மேலாளர் திறந்து பார்த்தார். முந்தின நாளே மீட்டர் முள் சிக்கி நின்றிருந்தது. இன்னும் ஒரு மணி நேரம் இழுத்திருந்தால் நட்சத்திரம் அணைந்திருக்கும். என் வேலையும் அக்கா காப்பாற்றியதுதான்.

இப்போது அதே நிலையத்தில் மீட்டர்களைச் சோதிக்கும் பிரிவுக்கு அவர்தான் பொறுப்பாளர்.