இருவாச்சிக்கு ஜோடி சேர்த்தவன்

எங்கள் பக்கத்தில் ஒருவர் "காட்டுக்குப் போய்ட்டு வாரேன்" என்றால், மக்காச்சோளத்துக்கு மருந்தடிக்கப் போகிறார் என்று பொருள். மரம் இருக்கிற காடு மேற்கே மலையில் இருப்பதாகக் கேள்வி. மழை வெறித்த காலைகளில் அச்சக மொட்டை மாடியிலிருந்து பார்த்தால் நீலக் கோடாகத் தெரியும். அந்தக் கோட்டுக்குள் என்ன வாழ்கிறது என்று தெரிந்துகொள்ள எனக்கு எந்த அவசியமும் இருந்ததில்லை. சிவகாசியில் இருபது வருடமாகக் காலண்டர் டிசைன் செய்கிறேன். எனக்குத் தெரிந்த பறவைகள் வெடிப் பெட்டி மேலிருக்கும் மயிலும் கிளியும்தான். அவை இரை கேட்பதில்லை, மரம் கேட்பதில்லை, சொன்ன கலருக்கு மாறிக்கொள்ளும். தங்கமான பிறவிகள்.

அப்பேர்ப்பட்ட என்னிடம்தான் ஒரு டீச்சர் இருவாச்சிப் பறவையின் படத்தோடு வந்தார். வேலையிலிருந்து ஓய்வு பெற்ற பிறகு மலையேறிப் பறவை பார்க்கிறவர். படத்தில் ஒரு கிழட்டு மரம். அதன் ஓட்டையை மண் பூசினாற்போல ஏதோ அடைத்திருக்க, நடுவில் விரலளவு கீறல். அதில் ஓர் அலகின் நுனி மட்டும் தெரிந்தது. வெளியே பெரிய மஞ்சள் அலகில் அத்திப்பழத்தோடு ஆண் பறவை.

"உள்ள பொட்டை இருக்கு தம்பி. வாசல அதுவே பூசி அடைச்சுக்கிடும். றெக்கையெல்லாம் உதிர்ந்துரும். ஆணு கொண்டாந்து ஊட்டுறதுதான் சாப்பாடு. அந்நேரம் மரத்தச் சாய்ச்சா அதால பறந்து தப்பிக்க முடியாது."

நம் மலையில் தொடங்கி அசாம், பர்மா, சுமத்ரா வரைக்கும் இந்தப் பறவை இருக்கிறதாம். அவ்வளவு பெரிய உலகத்தில் டீச்சரின் கவலையெல்லாம் மேலே உள்ள ஒரு காபி எஸ்டேட்டைப் பற்றியது. அங்கே நிழல் கூடிப்போனதென்று பழைய மரங்களை வெட்டப் போகிறார்கள். இருவாச்சிக்கோ பழைய மரம்தான் வேண்டும், இளமரத்தில் அது நுழைகிற அளவுக்கு ஓட்டை விழாது. கூடு இருக்கிற மரத்தை விட்டுவிடுவதாக மானேஜர் ஒப்புக்கொண்டார். தெரிந்த கூட்டு மரங்களுக்குப் பெயிண்ட் அடித்தாயிற்று. தெரியாத மரங்களுக்காகத்தான் இந்தக் காலண்டர். வெட்டுகிறவர்கள் வடக்கத்தி ஆட்கள், தமிழ் வாசிக்க மாட்டார்கள். மேஸ்திரி படத்தைக் காட்டி, இப்படி இருக்கிற மரத்தைத் தொடாதே என்று சொன்னால் போதும்.

ப்ரூஃப் அனுப்பினேன். டீச்சர் பார்த்துச் சரி என்றார். மற்ற ஊர்களில் அதற்குப் பிறகு யாரும் கை வைக்க மாட்டார்கள். எங்கள் ஊரில் அதற்குப் பிறகுதான் வேலையே ஆரம்பிக்கும். அச்சுக்குப் பிளேட் போடுவதற்கு முன் முதலாளி அண்ணாச்சி வந்து என் கம்ப்யூட்டர் முன்னால் நின்றார். கடவுளின் படைப்பில் உள்ள குறைகளை ஒரே பார்வையில் கண்டுபிடிக்கிறவர்.

"என்னலே, ஒத்தையில நிக்கிது? வருசம் பூரா வீட்டுல தொங்குறது, ஒத்தப் பறவை ஆகுமா? மரத்துல வேற புண்ணு கெணக்கா என்னமோ அசிங்கமா இருக்கு. சரி பண்ணு."

டீச்சர் சொன்னதை நான் அவரிடம் சொல்லியிருக்கலாம். சொல்லவில்லை. உண்மையைச் சொன்னால், அந்தப் புண் என் கண்ணையும் உறுத்திக்கொண்டுதான் இருந்தது. பத்தே நிமிடம். பக்கத்துப் பட்டையை எடுத்து ஓட்டையின் மேல் போர்த்தினேன், மரம் மொழுமொழுவென்று ஆயிற்று. ஆண் பறவையை நகலெடுத்து, திருப்பி, எதிரே உட்கார வைத்தேன். இரண்டு ஆண்கள், இரண்டு அலகிலும் ஒரே அத்திப்பழம். எந்தக் காட்டிலும் காணக் கிடைக்காத தம்பதி. வேறொரு காலண்டரின் அருவி சும்மா கிடந்தது, அதையும் பின்னால் ஓடவிட்டேன். "இப்பத்தான்லே லட்சணமா இருக்கு" என்றார் அண்ணாச்சி. எனக்கும் பெருமையாகத்தான் இருந்தது.

லோடு நேராக மலைக்குப் போய்விட்டது. டீச்சர் அதை முதன்முதலில் பார்த்தது எஸ்டேட் ஆபீஸ் சுவரில். போனில் அவர் திட்டவில்லை, திட்டியிருந்தால் தேவலை. "ஓட்டைய எங்க தம்பி?" என்று மட்டும் கேட்டார்.

அண்ணாச்சி பெரிய மனது பண்ணினார். பழைய படத்தை ஸ்டிக்கராக அடித்துக் கொடுத்துவிடலாம், மேலே ஒட்டிக்கொள்ளட்டும், பொங்கல் கழியட்டும் என்றார். பொங்கல் கழிந்தது. தை பிறந்தால் கல்யாணப் பத்திரிகை சீசன், சின்ன வேலைக்கு எந்த மெஷினும் காலியாக இருக்காது. டீச்சர் மூன்று தடவை கூப்பிட்டார். மூன்று தடவையும் நான் "நாளைக்கு மெஷின்ல ஏத்திருவோம் டீச்சர்" என்றேன். மூன்று தடவையும் அவர் நம்பினார்.

மாசியில் நான்காவது தடவை கூப்பிட்டபோது அவர் ஸ்டிக்கரைக் கேட்கவில்லை.

"பெயிண்ட் அடிக்காத மரம் ஒண்ணச் சாய்ச்சிட்டாக தம்பி. மேஸ்திரி மேல தப்புச் சொல்ல முடியாது. காலண்டரக் கழட்டிக் கொண்டு போயி மரத்துக்கிட்ட வச்சுப் பாத்திருக்காரு. படத்துல மரம் வழுவழுன்னு இருந்துச்சாம், இதுல மண்ணு அப்புன ஓட்டை இருந்துச்சாம். இது அந்த மாதிரி மரம் இல்லன்னு வெட்டச் சொல்லிட்டாரு."

"பொட்டை?" என்று கேட்டேன்.

"உள்ளதான் இருந்துச்சு. ஆணு இன்னும் பழத்தோட வந்து பக்கத்து மரத்துல உக்காந்துட்டுப் போகுது."

போனை வைத்தேன். வெட்கமாக இருந்தது. காலண்டரில் எல்லோரும் தேதியைத்தான் பார்ப்பார்கள், ராகுகாலம் பார்ப்பார்கள், படத்தை எவன் பார்க்கிறான் என்று நாங்கள் டீ குடிக்கும்போது சொல்லிச் சிரிப்போம். இத்தனை வருடத்தில் நான் செய்த படங்களில், ஒரு மனிதர் உற்றுப் பார்த்து, அதை நம்பி, அதன்படியே நடந்தது அந்த ஒன்றுதான்.